கொரியா – 2

பட்டியலில் முப்பத்தெட்டாவது வரி:
கொரியா – 2.
காட்பாடிக் கல்லூரிக் கலைவிழாவுக்கு
நாற்பத்தாறு நாட்டுக் கொடிகள்,
வெள்ளிக்கிழமைக்குள்.

இரண்டென்றால் இரண்டு பிரதி என்று நினைத்து
ஒரே கொடியை இரண்டு தடவை இழுத்து
கயிற்றில் கிளிப் போட்டேன்.
மே மாத வேலூரில் மை காய
ஒரு டீ குடிக்கும் நேரம் போதும்.

ஆம்பூர் ஷூ கம்பெனியில் தரம் பார்க்கிற பியோன்
(தவமணிக்கு அவர் ‘பியூன் சார்’)
பெட்டி லேபிளுக்காக வந்தவர்
கயிற்றைப் பார்த்துத் தலையைச் சாய்த்தார்.
மூலைக்கு மூன்று கறுப்புக் கோடுகள்,
சில முழுசு, சில நடுவில் உடைந்தவை.
நகத்தால் தொட்டுக் காட்டினார்:
இது வானம். இது நிலம்.
தண்ணீர் இருக்கவேண்டிய இடத்தில்
நெருப்பை வைத்துவிட்டீர்கள்.

“வேலூர் சார், அப்படித்தான் இருக்கும்”
என்றாள் தவமணி.

பிறகு பட்டியலைப் பார்த்தார்.
இரண்டாவது இது இல்லை என்று
என் போனை வாங்கித் தேடி எடுத்து,
திரையை என் பக்கம் திருப்பித் தந்தார்:
நீலம், வெள்ளை, நடுவே சிவப்பு,
வெள்ளை வட்டத்துக்குள் ஒரு நட்சத்திரம்.

எனக்குக் கட்சிக்கொடி பழக்கம்.
ஒரு கட்சி உடைந்தால்
செய்தித்தாளுக்கு முன்னால் என் கடைக்குத் தெரியும்.
காலையில் ஒருவர் வந்து படத்தை எடுக்கச் சொல்வார்,
மாலையில் இன்னொருவர் அதையே பெரிதாக்கச் சொல்வார்.
சின்னம் முடங்கினால்
திரையைக் கழுவிக் காத்திருப்பேன்.

சிவப்பு அதே டப்பா.
நீலம் அதே டப்பா.
வெள்ளையைத் துணியே தந்துவிடும்.
தெற்குக்குக் கறுப்பு மட்டும் கூடுதல்.
நட்சத்திரத்தை நான் இழுத்து முடிக்கும்வரை
பியோன் வெளியே நின்று
சிகரெட் பிடித்தார்.

சும்மா இருக்க முடியாமல் சொன்னேன்:
ஆற்காட்டுக்கும் இருந்தது சார், ஒரு வடக்கு, ஒரு தெற்கு.
பழைய லெட்டர்பேடுகளில் வ.ஆ. என்று போடுவோம்.
பிரித்தார்கள், பெயர் மாற்றினார்கள்,
இப்போது மறுபடி மூன்றாக்கினார்கள்.
ஒவ்வொரு தடவையும் எனக்கு போர்டு வேலை.
பிரித்த மறுநாளும் ராணிப்பேட்டைக்கு
அதே பஸ், அதே டிக்கெட்.

டிக்கெட் எவ்வளவு என்று கேட்டார்.
சொன்னேன்.
அதை மனசுக்குள் எதனோடோ கழித்துப் பார்த்தார்.

அவர் அம்மா பிறந்த ஊர் கோட்டுக்கு அந்தப் பக்கம்,
வேலூருக்கும் காட்பாடிக்கும் உள்ள தூரம்தானாம்.
நடுவில் பாலாறு மாதிரி ஒரு அகலம்,
தண்ணீருக்குப் பதில் ஆளில்லை.
குன்றின் மேல் காசு போட்டால் திறக்கிற பைனாகுலர்.
அம்மா ஒரு கூரையைக் காட்டி
அதுதான் நம் வீடு என்பாராம்.
ஒவ்வொரு தடவையும் வேறு கூரை.

போகிறபோது திரும்பி வந்தார்.
இன்னொன்று அடிக்க முடியுமா,
பட்டியலில் இல்லை, காசு நான் தருகிறேன்.
வெள்ளைத் துணியில் நீலமாக முழு நாடு.
விளையாட்டுப் பந்தயங்களில் சில தடவை
இரண்டு பக்கமும் சேர்ந்து பிடித்து நடந்ததாம்.
ஒரே நிறம், ஒரே இழுப்பு,
என் தொழிலில் இதைவிடச் சுலபம் கிடையாது.

திரையில் அடியில் ஒரு புள்ளி இருந்தது.
ஓட்டை விழுந்துவிட்டதென்று டேப் ஒட்டி அடைத்தேன்.
முதல் பிரதியைத் தூக்கிக் காட்டியதும்
அவர் விரல் வெறும் வெள்ளையில் போய் நின்றது.
இங்கே ஒரு தீவு உண்டு.

டேப்பை உரித்துவிட்டு
மறுபடி இழுத்தேன்.

மை ஈரம் சார், நடுவில் மடிக்காதீர்கள் என்றேன்.
குழந்தையின் மார்க் ஷீட் மாதிரி சுருட்டி
ஷூ பெட்டிக்குள் நிற்க வைத்து
ஆம்பூர் பஸ் ஏறினார்.

விழாக்காரர்கள் வந்து
நாற்பத்தாறையும் எண்ணி எடுத்துப் போனார்கள்.
தீவு விட்டுப்போன பிரதி மட்டும் கயிற்றில்.
சாயங்காலம் திரை துடைக்க
அதைத்தான் எடுத்தேன்.
பிறகு வேறு துணி இருக்கிறதா என்று
தவமணியைக் கேட்டேன்.